சண்டை போடாத நாய்கள்: 1924 லெனின்கிராட் வெள்ளம் சொன்ன பாடம்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். நான் படிப்பது பி.காம். வரலாறு எனக்குப் பாடம் கிடையாது. கால்நடை மருத்துவம் அதைவிடத் தூரம். இருந்தாலும் இதை எழுத ஒரு காரணம் இருக்கிறது. அந்தக் காரணத்தின் பெயர் ஜிம்மி.

2023 டிசம்பர் 3, 4 தேதிகளில் மிக்ஜாம் புயல் சென்னையைப் பிழிந்து எடுத்ததே, அப்போது தாம்பரம் பக்கத்தில் இருக்கும் எங்கள் தெருவில் இடுப்பளவு தண்ணீர். கீழ்வீட்டில் இருந்த நாங்கள் மாடிவீட்டுக்குப் போனோம். ஜிம்மியை அப்பா தோளில் போட்டுக்கொண்டு படியேறினார். சாதாரண நாளில் தபால்காரர், சிலிண்டர் போடுகிறவர், பக்கத்து வீட்டுப் பூனை என்று யாரையும் விட்டுவைக்காமல் குரைக்கிற நாய் அது. அந்த இரண்டு நாளும் வாயே திறக்கவில்லை. மூலையில் சுருண்டு படுத்துக்கொண்டது. மாடிவீட்டுப் பூனை இரண்டடி தள்ளி நடந்து போனது. ஜிம்மி திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"எவ்வளவு சமத்தா இருக்கு பாரேன்" என்று எல்லோரும் சொன்னோம். நானும்தான். பாட்டி மட்டும், "சமத்து இல்லடா, அது அரண்டு போயிருக்கு" என்றார். யாரும் காதில் வாங்கவில்லை.

தண்ணீர் வடிந்து வீட்டைக் கழுவிவிட்டுக் கீழே வந்த பிறகும் பத்து நாள் ஜிம்மி சரியாகச் சாப்பிடவில்லை. மொட்டைமாடித் தொட்டி நிரம்பி வழிகிற சத்தம் கேட்டால் கட்டிலுக்கு அடியில் போய்விடும். கொழுப்பு என்று திட்டியிருக்கிறேன். ஒருநாள் காலைப் பிடித்து வெளியே இழுத்தும் இருக்கிறேன். அது இப்போதும் உறுத்துகிறது.

அடுத்த செமஸ்டரில் நுகர்வோர் நடத்தை பற்றி ஒரு பாடம் வந்தது. அதில் பாவ்லோவ் வருவார். மணி அடித்தால் நாய்க்கு எச்சில் ஊறும், விளம்பர இசையைக் கேட்டால் வாடிக்கையாளருக்கு அந்த பிஸ்கட் ஞாபகம் வரும் என்று அரைப்பக்கம். தேர்வுக்கு இரண்டு மார்க் கேள்வி. கொஞ்சம் கூடுதலாகப் படிக்கலாமே என்று நூலகத்தில் தேடியபோதுதான், பாவ்லோவின் நாய்களும் ஒரு வெள்ளத்தில் மாட்டிக்கொண்டன என்பது தெரிந்தது. அவை கரையேறிய பிறகு என்ன ஆயிற்று என்று படிக்கப் படிக்க, எங்கள் வீட்டு மூலையில் சுருண்டு கிடந்த ஜிம்மியைத்தான் யாரோ எழுதி வைத்திருக்கிறார்களோ என்று தோன்றியது.

அந்தக் கதைக்குப் போவதற்கு முன்னால் கொஞ்சம் பின்னோக்கிப் போக வேண்டும்.

சேதி சொல்லும் பிராணிகள்

புயலுக்கு முன்னால் விலங்குகள் நடந்துகொள்ளும் விதத்தை மனிதன் கவனிக்க ஆரம்பித்து இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேல் ஆகிறது. எறும்பு முட்டையைத் தூக்கிக்கொண்டு மேட்டுக்கு ஏறினால் மழை, தட்டான் தாழப் பறந்தால் மழை என்று நம் வீடுகளில் சொல்வார்கள் அல்லவா? கிட்டத்தட்ட இதே பட்டியல் கிரேக்கத்திலும் ரோமிலும் உண்டு. கி.மு. 3ஆம் நூற்றாண்டில் அராட்டஸ் என்ற கிரேக்கக் கவிஞர் வானிலைக் குறிகளைத் தொகுத்து ஒரு நீண்ட கவிதையே எழுதினார். அவரைப் பின்பற்றி ரோமானியக் கவிஞர் விர்ஜில், கி.மு. 29 வாக்கில் முடித்த தன் 'ஜியார்ஜிக்ஸ்' என்ற வேளாண்மைக் காவியத்தில் அந்தப் பட்டியலைக் கொடுக்கிறார். பசு தலையைத் தூக்கி வானத்தைப் பார்த்து மூக்கை விரித்துக் காற்றை மோந்து பார்க்கும். குருவி குளத்தைச் சுற்றிச் சுற்றிப் பறக்கும். தவளை கத்தும். எறும்பு முட்டையைத் தூக்கும். ஆமாம், அதே எறும்பு!

விர்ஜில் இன்னொன்றும் சொல்கிறார். இந்தப் பிராணிகளுக்குத் தெய்வீக ஞானம் எதுவும் கிடையாது, காற்றின் தன்மை மாறும்போது அவற்றின் மனநிலையும் மாறுகிறது, அவ்வளவுதான் என்கிறார். இரண்டாயிரம் வருடத்துக்கு முன்னால் ஒருவர் பசுவுக்கும் எறும்புக்கும் மனநிலை என்ற ஒன்று உண்டு, வானிலை அதைத் தொடுகிறது என்று எழுதியிருக்கிறார்!

ஆனால் அந்தப் புள்ளியை யாரும் பிடித்துக்கொண்டு மேலே போகவில்லை. விவசாயிக்கு வேண்டியிருந்தது மழை எப்போது வரும் என்பது. மாலுமிக்கு வேண்டியிருந்தது புயல் எப்போது வரும் என்பது. பசு தலையைத் தூக்கினால் அது மனிதனுக்கு வந்த தந்தி. தந்தியைப் படித்து முடித்த பிறகு தந்திக்காரரை யார் நினைக்கிறார்கள்?

அட்டைகள் அடித்த மணி

இந்த எண்ணத்தின் உச்சம் 1851இல் வந்தது. அந்த வருடம் லண்டனில் கிரிஸ்டல் பேலஸ் என்ற கண்ணாடி மாளிகையில் உலகப் புகழ்பெற்ற மாபெரும் கண்காட்சி நடந்தது. விட்பி என்ற கடற்கரை ஊரைச் சேர்ந்த டாக்டர் ஜார்ஜ் மெர்ரிவெதர் அங்கே ஒரு கருவியைக் கொண்டுவந்து வைத்தார். பார்க்கச் சின்னக் கோயில் கோபுரம் போல இருக்கும். சுற்றிலும் 12 கண்ணாடிப் புட்டிகள். ஒவ்வொன்றிலும் கொஞ்சம் மழைத்தண்ணீர், அதில் ஓர் அட்டை. அந்தக் கால டாக்டர்கள் ரத்தம் உறிஞ்சவிடுவார்களே, அதே அட்டைதான்.

புயல் வரப்போகிறது என்றால் அட்டைகள் நிலைகொள்ளாமல் புட்டியின் கழுத்துக்கு ஏறும். அங்கே வைத்திருக்கும் சின்னத் திமிங்கில எலும்புத் துண்டு நகரும். அதோடு இணைத்த சங்கிலி ஒரு சுத்தியலை விடுவிக்கும். மேலே இருக்கும் மணி அடிக்கும். எத்தனை முறை அடிக்கிறதோ அவ்வளவுக்குப் புயல் நிச்சயம். இதற்கு அவர் வைத்த பெயர் 'புயல் முன்னறிவிப்பான்'. பிரிட்டனின் கடற்கரை நெடுக இதை வைக்க வேண்டும் என்று அரசாங்கத்தைக் கேட்டுப் பார்த்தார். நடக்கவில்லை.

ஒரு சங்கதி மட்டும் எனக்கு மிகவும் பிடித்தது. புட்டிகளை ஏன் வட்டமாக வைத்தார் தெரியுமா? அட்டைகள் ஒன்றையொன்று பார்த்துக்கொள்ள வேண்டும், தனிமைச் சிறையில் கிடப்பது போல அவை வருந்தக் கூடாது என்பதற்காக. சிரிப்பு வருகிறதுதான். ஆனால் பயந்திருக்கும் உயிருக்குத் துணை வேண்டும் என்று அந்த மனிதருக்குத் தோன்றியிருக்கிறது. இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள், கடைசியில் திரும்ப வரும்.

அட்டைகளைத் தோற்கடித்தது பாரமானி. 1859 அக்டோபரில் வேல்ஸ் கடற்கரையில் 'ராயல் சார்ட்டர்' என்ற கப்பல் புயலில் மோதி உடைந்து 400க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அதன்பிறகு ராபர்ட் ஃபிட்ஸ்ராய் என்ற கடற்படை அதிகாரி, கடற்கரை ஊர்களிலிருந்து பாரமானி அளவுகளைத் தந்தியில் வாங்கி, 1861 முதல் புயல் எச்சரிக்கை கொடுக்க ஆரம்பித்தார். இன்றைய வானிலை அறிவிப்புகளின் தொடக்கம் அங்கேதான்.

மனிதனுக்குச் சேதி சொல்லும் வேலை விலங்குகளிடமிருந்து போயிற்று. அப்படியானால் இனிமேலாவது அவற்றை அவற்றுக்காகப் பார்க்கலாம் அல்லவா? இதில் ஒரு வேடிக்கையான தொடர்பு இருக்கிறது. இந்த ஃபிட்ஸ்ராய் முன்பு 'பீகிள்' என்ற கப்பலின் கேப்டனாக இருந்தவர். அந்தக் கப்பலில் அவரோடு உலகைச் சுற்றி வந்த இளைஞர்தான் சார்லஸ் டார்வின். டார்வின் 1872இல் மனிதனும் விலங்குகளும் உணர்ச்சியை எப்படி வெளிப்படுத்துகின்றன என்பதைப் பற்றி ஒரு முழுப் புத்தகம் எழுதினார். மிகச் சிறிய பயத்துக்குக்கூட நாய் வாலைக் கால்களுக்கு நடுவே இடுக்கிக்கொள்ளும் என்பது போன்ற குறிப்புகள் அதில் வரும். நடுக்கம், மயிர்க்கூச்செறிதல், இதயம் வேகமாக அடிப்பது என்று பயத்தின் அடையாளங்களை மனிதனுக்கும் விலங்குக்கும் சேர்த்தே பேசினார்.

ஆனாலும் டார்வின் பார்த்தது கண்ணுக்குத் தெரிகிற பயத்தை, அது நடக்கிற நேரத்தில். உடம்பு நடுங்குவது நின்ற பிறகு பயம் எங்கே போகிறது? இந்தக் கேள்விக்குப் பதில் ஒரு விபத்தில்தான் கிடைத்தது.

1924 செப்டம்பர் 23

ரஷ்யாவில் இன்று செயின்ட் பீட்டர்ஸ்பர்க் என்று அழைக்கப்படும் நகரத்துக்கு அந்த வருடம் ஜனவரியில்தான் லெனின்கிராட் என்று பெயர் வைத்திருந்தார்கள். 1703இல் சதுப்பு நிலத்தில் கட்டப்பட்ட நகரம் அது. நேவா நதி கடலில் கலக்கும் இடம். அங்கே வெள்ளம் வருவது மழையால் அல்ல, காற்றால். பால்டிக் கடலில் புயல் கிழக்கு நோக்கி வரும்போது தண்ணீரைப் பின்லாந்து வளைகுடாவுக்குள் தள்ளும். வளைகுடா கிழக்கே போகப் போகக் குறுகலாகவும் ஆழம் குறைவாகவும் இருக்கும். தள்ளப்பட்ட தண்ணீருக்குப் போக வேறு இடமில்லை. நதி கடலுக்குப் போவதற்குப் பதில் ஊருக்குள் திரும்பும்.

1824 நவம்பரில் இப்படித் தண்ணீர் வழக்கமான மட்டத்துக்கு மேல் 421 சென்டிமீட்டர் ஏறியது. அந்த நகரத்தின் வரலாற்றில் அதுதான் மிகப்பெரிய வெள்ளம். அந்த வெள்ளத்தில் காதலியை இழந்து புத்தி பேதலித்துத் தெருத்தெருவாக அலையும் ஓர் ஏழை குமாஸ்தாவைப் பற்றி 1833இல் புஷ்கின் 'வெண்கலக் குதிரைவீரன்' என்ற காவியத்தை எழுதினார். வெள்ளம் வடிந்தாலும் மனசிலிருந்து வடியாது என்பதை ரஷ்யர்களுக்குச் சொன்ன கவிதை அது.

சரியாக நூறு வருடம் கழித்து, 1924 செப்டம்பர் 23 அன்று மறுபடியும் வந்தது. இந்த முறை 380 சென்டிமீட்டர். நகரத்தின் வரலாற்றில் இரண்டாவது பெரிய வெள்ளம். தெருக்களில் பதித்திருந்த மரக்கட்டைகள் பெயர்ந்து மிதந்தன.

அதே நகரத்தின் பரிசோதனை மருத்துவ நிறுவனத்தில்தான் இவான் பாவ்லோவின் ஆய்வகம் இருந்தது. செரிமானம் பற்றிய ஆராய்ச்சிக்கு 1904இல் நோபல் பரிசு வாங்கியவர். வெள்ளம் வந்த அன்றைக்கு அவருடைய 75ஆவது பிறந்தநாளுக்கு மூன்று நாள் பாக்கி.

நாய்களின் கூண்டுகள் தோட்டத்தில் ஒரு தனிக் கட்டடத்தில் இருந்தன. தண்ணீர் ஏற ஏற, நாய்களைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குழுக்களாக வெளியே எடுத்து, நீந்தவிட்டு, பிரதான ஆய்வகத்துக்குக் கொண்டுபோனார்கள். சுவரில் அலை மோதும் சத்தம், மரங்கள் முறிந்து விழும் சத்தம், இவற்றுக்கு நடுவே. பிறகு மாடியில் எல்லா நாய்களையும் ஒரே இடத்தில் கலந்துகட்டி அடைத்தார்கள்.

அங்கே ஒன்றைக் கவனித்தார்கள். முன்பின் பழகாத நாய்களை இப்படி ஒன்றாக அடைத்தால் வழக்கமாக என்ன நடக்கும்? நம் தெருவிலேயே தெரியும், ரத்தக்களறிதான். அன்றைக்கு ஒரு நாய்கூட சண்டை போடவில்லை. ஓர் உறுமல்கூட இல்லை. எல்லாம் சேர்ந்து ஒடுங்கிக் கிடந்தன.

எங்கள் வீட்டில் என்றால் "எவ்வளவு சமத்து" என்று சொல்லியிருப்போம். பாவ்லோவ் அப்படிச் சொல்லவில்லை. வழக்கமாக நடக்க வேண்டிய ஒன்று நடக்கவில்லை என்றால் உள்ளே ஏதோ அதை அடக்கி வைத்திருக்கிறது என்று எடுத்துக்கொண்டார்.

நோட்டுப் புத்தகத்தில் விழுந்த ஓட்டை

வெள்ளம் வடிந்தது. நாய்கள் கூண்டுக்குத் திரும்பின. சில நாய்கள் ஒன்றுமே நடக்காதது போல இருந்தன. சில அப்படி இல்லை. இயல்பிலேயே கூச்சமும் ஒடுக்கமும் உள்ள நாய்கள்தான் அதிகம் பாதிக்கப்பட்டன.

பாவ்லோவின் உதவியாளர் ஸ்பெரான்ஸ்கியிடம் அப்படி ஒரு நாய் இருந்தது. வெள்ளத்துக்கு முன்பு அதற்குப் பழக்கிய சமிக்ஞைகள் எல்லாவற்றுக்கும் கடிகாரம் போல எச்சில் சுரக்கும். நாயின் கன்னத்தில் சின்ன அறுவை செய்து எச்சில் வெளியே வரும்படி வைத்திருப்பார்கள். எத்தனை துளி என்று எண்ணி நோட்டில் எழுதுவார்கள். வெள்ளம் முடிந்த பிறகு அந்த நாயைச் சோதனை அறைக்குக் கொண்டுவந்தபோது துளிகள் ஏறக்குறைய நின்றுவிட்டன. நாய் நிலைகொள்ளாமல் இருந்தது. சாப்பாடு வைத்தாலும் தொடவில்லை. அதுவரை ஆவலாகச் சாப்பிட்ட நாய் முகத்தைத் திருப்பிக்கொண்டது. சில நாள் பட்டினி போட்டுப் பார்த்தார்கள். அப்போதும் அதே கதை.

ஆராய்ச்சியாளர்களுக்கு முதலில் காரணம் புரியவில்லை. நாய்க்குக் காய்ச்சல் இல்லை, காயமும் இல்லை. பிறகுதான் வெள்ளத்தை நினைத்துப் பார்த்தார்கள்.

அப்புறம் செய்த காரியம்தான் அழகானது. வழக்கமாகச் சோதனையின்போது நாய் அறையில் தனியாக இருக்கும், ஆராய்ச்சியாளர் வெளியே இருந்து கருவிகளை இயக்குவார். இப்போது ஸ்பெரான்ஸ்கி உள்ளே போய் நாயின் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார். நாய் சாப்பிட ஆரம்பித்தது. எச்சில் துளிகளும் திரும்பி வந்தன. அவர் எழுந்து வெளியே போனால் மறுபடியும் நின்றது. கொஞ்சம் கொஞ்சமாக, உள்ளே இருப்பதும் வெளியே போவதுமாக, பொறுமையாக நாயைப் பழைய நிலைக்குக் கொண்டுவந்தார்கள். நாயின் கண்ணில் படாமல் அவருடைய உடையை அறையில் வைத்தாலே போதும், வாசனையிலேயே நாய்க்குத் தெம்பு வந்தது என்றும் பதிவு செய்திருக்கிறார்கள்.

ஆனால் அந்தக் குணம் முழுசானது அல்ல. சமிக்ஞைகளிலேயே மிகவும் பலமான மணியோசையைச் சேர்த்தபோது மற்ற பழக்கங்களும் சேர்ந்து சரிந்தன. பிறகு ஒருநாள் வேண்டுமென்றே ஒன்று செய்து பார்த்தார்கள். நாய் இருந்த அறையின் கதவுக்கு அடியில் சத்தமில்லாமல் கொஞ்சம் தண்ணீரை ஒழுகவிட்டார்கள். ஒரு சின்னக் குட்டை அளவுதான். நாய் துள்ளி எழுந்தது. தரையையே வெறித்துப் பார்த்தது. மேடையிலிருந்து இறங்கப் பார்த்தது. மூச்சு வாங்கியது. வாரக்கணக்கில் கட்டிய பழக்கமெல்லாம் மறுபடியும் போயிற்று.

எங்கள் மொட்டைமாடித் தொட்டி எனக்கு ஞாபகம் வந்தது இந்த இடத்தில்தான்.

இதில் ஒரு சங்கடமும் இருக்கிறது, அதை மறைக்கக் கூடாது. இந்த நாய்கள் தங்கள் விருப்பத்தால் அங்கே இருந்தவை அல்ல. கன்னத்தில் துளை போட்டது, பட்டினி போட்டது, ஒருமுறை அரண்ட நாயை மறுபடியும் தண்ணீர் காட்டி அரள வைத்தது எல்லாம் நடந்திருக்கிறது. 1935இல் அந்த நிறுவனத்தின் தோட்டத்தில் நாய்க்கு ஒரு நினைவுச்சின்னம் வைத்தார்கள். அடுத்த வருடம் பாவ்லோவ் இறந்துபோனார். சிலை வைத்தால் கணக்கு நேராகிவிடுமா என்று கேட்டால் எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை.

ஆனால் ஒன்று சொல்ல முடியும். என் பாடத்தில் ஒரு பழைய பேச்சு உண்டு, ஏட்டில் ஏறாத செலவு செலவே இல்லை என்று. அதுவரை விலங்கின் பயம் யார் ஏட்டிலும் ஏறவில்லை. எறும்பு ஓடினால், பசு தலை தூக்கினால், அட்டை மணி அடித்தால், அதாவது விலங்கு எதையாவது செய்தால் மட்டும்தான் மனிதன் குறித்துக்கொண்டான். லெனின்கிராடில்தான் விலங்கு எதைச் செய்யவில்லை என்பது எழுதப்பட்டது. சண்டை இல்லை, சாப்பாடு இல்லை, எச்சில் இல்லை. தினமும் எண்ணி வைத்திருந்ததால்தான் இல்லாமல் போனது தெரிந்தது. பயம் என்பது சத்தத்தில் மட்டும் இல்லை, வழக்கம் எங்கே நின்றுபோகிறது என்பதிலும் இருக்கிறது.

அதற்குப் பிறகு

பாவ்லோவின் விரிவுரைகள் 1927இல் ஆங்கிலத்தில் வந்தன. இரண்டாம் உலகப் போரின்போது, 1944இல் நார்மண்டி சண்டையிலிருந்து மனம் உடைந்து திரும்பிய பிரிட்டிஷ் வீரர்களுக்கு வைத்தியம் பார்த்த வில்லியம் சார்கன்ட் என்ற மனநல மருத்துவர், அந்த வீரர்களிடமும் வெள்ளத்து நாய்களிடமும் ஒரே மாதிரியான அடையாளங்களைக் கண்டார். 1957இல் அவர் எழுதிய புத்தகத்தில் லெனின்கிராட் நாய்களுக்கு முக்கிய இடம் உண்டு. (சார்கன்டின் சிகிச்சை முறைகள் பிற்காலத்தில் கடுமையான கண்டனத்துக்கு உள்ளாயின என்பதையும் சொல்லிவிட வேண்டும்.) பேரதிர்ச்சிக்குப் பின் வரும் மனநெருக்கடி என்ற நோய் அமெரிக்க மனநல மருத்துவர்களின் அதிகாரபூர்வப் பட்டியலில் இடம்பெற்றது 1980இல்தான். அதாவது மனிதனுடைய பயத்துக்கே ஏட்டில் இடம் கிடைக்க அவ்வளவு காலம் ஆயிற்று.

நாய்களுக்கு? 2005இல் அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலத்தில் ஓர் ஆய்வு செய்தார்கள். இடிக்குப் பயப்படுகிற 19 நாய்களுக்கு, அவற்றின் வீட்டிலேயே, பதிவு செய்த இடிமழைச் சத்தத்தைப் போட்டுக் காட்டினார்கள். மனஅழுத்தத்தின்போது உடம்பில் சுரக்கும் கார்ட்டிசால் எவ்வளவு என்று அளந்தார்கள். 207 சதவீதம் ஏறியிருந்தது. 40 நிமிடம் கழித்தும் பழைய அளவுக்கு இறங்கவில்லை. அளந்தது எதில் தெரியுமா? எச்சிலில்! பாவ்லோவ் துளி எண்ணிய அதே எச்சில். இந்த முறை கன்னத்தில் துளை போடவில்லை, பஞ்சால் ஒற்றி எடுத்தார்கள்.

அந்த ஆய்வில் இன்னொரு முடிவும் வந்தது. வீட்டில் கூட வேறு நாய்கள் இருந்த நாய்கள் குறைவாகத் தவித்தன, சீக்கிரம் தெளிந்தன. மெர்ரிவெதர் புட்டிகளை வட்டமாக வைத்தது ஞாபகம் இருக்கிறதா?

அதே 2005 ஆகஸ்டில் கத்ரீனா சூறாவளி நியூ ஆர்லியன்ஸ் நகரத்தை மூழ்கடித்தது. மீட்புப் பேருந்துகளிலும் முகாம்களிலும் வளர்ப்புப் பிராணிகளுக்கு இடமில்லை என்று சொல்லிவிட்டார்கள். பேருந்தில் ஏறப்போன ஒரு சிறுவனின் கையிலிருந்து போலீஸ்காரர் அவனுடைய சின்ன வெள்ளை நாயைப் பிடுங்க, அவன் வாந்தி எடுக்கும்வரை அழுதான் என்று செய்தி வந்தது. நாயை விட்டு வரமாட்டோம் என்று வீட்டிலேயே தங்கியவர்களும் இருந்தார்கள். அடுத்த வருடம், 2006 அக்டோபரில், பேரிடர்த் திட்டம் போடும்போது வளர்ப்புப் பிராணிகளையும் சேர்த்துத் திட்டம் போட வேண்டும் என்று அமெரிக்காவில் சட்டம் வந்தது. பிராணியின் பயம் கடைசியாக அரசாங்க ஏட்டிலும் ஏறியது.

சரி, நாம் என்ன பார்க்க வேண்டும்?

கண்ணுக்குத் தெரிகிற அடையாளங்கள் எல்லோருக்கும் தெரிந்தவைதான். நாய் என்றால் நடுங்கும், வெயில் இல்லாமலே நாக்கைத் தொங்கவிட்டு இரைக்கும், எச்சில் ஒழுகும், வாலை இடுக்கும், காதைப் பின்னால் மடக்கும், வீட்டுக்குள் அங்கும் இங்கும் நடக்கும், கதவைப் பிராண்டும், ஆளை விடாமல் ஒட்டிக்கொள்ளும். தூக்கம் வராமலே கொட்டாவி விடுவதும் உதட்டை நக்கிக்கொண்டே இருப்பதும்கூட பதற்றத்தின் அடையாளம்தான்.

தப்பவிடுவது மற்றவற்றை. வழக்கமாகக் குரைக்கிற நாய் குரைக்காமல் இருப்பது. பூனை ஒளிந்துகொண்டு சாப்பாட்டுக்கே வராமல் இருப்பது. மாடு அசைபோடுவது குறைவது. மாடு பேசாமல் நிற்கிறதே என்று நாம் நிம்மதியாக இருப்போம். ஆனால் அதன் வாய் அசைகிறதா என்று பார்க்க வேண்டும். புயல் போன பிறகும் ஒரு வாரம், பத்து நாள் பார்க்க வேண்டும். முக்கியமாகப் பூனை இரண்டு நாளுக்கு மேல் சாப்பிடாமல் இருந்தால் காத்திருக்கக் கூடாது, கல்லீரல் பாதிக்கும். டாக்டரிடம் தூக்கிக்கொண்டு போக வேண்டியதுதான்.

இதற்கெல்லாம் ஒரே ஒரு நிபந்தனை. புயல் இல்லாத நாளில் அது எப்படி இருக்கும் என்று நமக்குத் தெரிந்திருக்க வேண்டும். எவ்வளவு சாப்பிடும், எங்கே படுக்கும், யாரைப் பார்த்துக் குரைக்கும். ஆரம்ப இருப்பு தெரியாமல் நஷ்டத்தைக் கணக்குப் போட முடியாது. இது முதல் வருட அக்கவுண்டன்சி!

பயந்த நாயைத் தடவிக்கொடுத்தால் பயம் இன்னும் அதிகமாகும் என்று நிறையப் பேர் சொல்லக் கேட்டிருக்கிறேன். கால்நடை மருத்துவர்கள் இப்போது அப்படிச் சொல்வதில்லை. பயம் ஓர் உணர்ச்சி, கொஞ்சினால் வளர்வதற்கு அது கெட்ட பழக்கம் அல்ல. ஒளிந்துகொள்ள ஓர் இருட்டான மூலை, பக்கத்தில் பழகின ஆள், திட்டாமல் இருப்பது, இவை போதும். ஸ்பெரான்ஸ்கி பெரிய மருந்து எதுவும் கொடுக்கவில்லை, பக்கத்தில் உட்கார்ந்தார்.

செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் 2011இல் கடலை மறித்து ஒரு பெரிய தடுப்பணையைக் கட்டி முடித்துவிட்டார்கள். புயல் வந்தால் மதகுகளை மூடிவிடுகிறார்கள். 1924 போல அங்கே இனி நடக்காது என்று நம்பலாம். நம் ஊருக்கு அப்படி ஓர் அணை கிடையாது. ஒவ்வொரு வருடமும் அக்டோபர் வரும், வடகிழக்குப் பருவமழை வரும்.

2024 மழைக்காலத்தில் முதல் இடி இடித்தபோது ஜிம்மி வழக்கம்போலக் கட்டிலுக்கு அடியில் போனது. நான் பாயை எடுத்துக் கட்டிலுக்குப் பக்கத்தில் விரித்துப் படித்துக்கொண்டிருந்தேன். கூப்பிடவில்லை, இழுக்கவில்லை. முக்கால் மணி நேரம் இருக்கும். முதலில் மூக்கு வெளியே வந்தது. அப்புறம் தலை வந்து என் காலில் சாய்ந்தது. சாப்பாட்டுத் தட்டைத் தள்ளி வைத்தேன். இரண்டு வாய் சாப்பிட்டது.

பாட்டி பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லவில்லை. அவர் சொல்ல வேண்டியதை முன்னாடியே சொல்லிவிட்டார். நான்தான் லெனின்கிராட் வரை போய்த் தெரிந்துகொண்டு வரவேண்டியிருந்தது.